எண்ணெய் விடாத கதவு

அண்ணை,

இன்று காலை எங்கள் குசினிக் கதவுக்கு எண்ணெய் விடப் பார்த்தார்கள். நான் இருக்கும்வரை அது நடக்காது என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். மிச்சத்தை ஆறுதலாகச் சொல்கிறேன்.

உங்கள் முதல் வருசத்து ஆட்டைத் திவசத்துக்கு இன்னும் ஒன்பது நாள் இருக்கிறது. உங்கள் மச்சான், என் மனிசன், பென்சன் எடுத்துக்கொண்டு வீட்டோடு வந்த நாளிலிருந்து இந்த வீட்டில் ஓர் ஆணிக்குக்கூட நிம்மதி இல்லை. இத்தனை வருசம் கொழும்பில் கந்தோர் மேசைக்கு முன்னால் இருந்த மனிசன், இப்போது வாசல் படலையைக் கழற்றுகிறார், பூட்டுகிறார், பிறகு பூட்டினது சரியில்லை என்று திரும்பக் கழற்றுகிறார். திவசத்துக்கு நாலு சனம் வரும், வீடு வடிவாக இருக்க வேண்டும் என்று இன்றைக்குத் தச்சுவேலைக்கு ஓடாவியாரையும் கூட்டிவந்துவிட்டார். நான் முற்றத்தில் மிளகாய் காயப்போட்டுக்கொண்டு நின்றேன். தேங்காயெண்ணெய் மணம் வந்தது. அடுப்பு இன்னும் மூட்டவில்லையே, பிறகு எங்கிருந்து மணக்கிறது என்று திரும்பிப் பார்த்தால், ஓடாவியார் குசினி வாசலில் குந்தியிருந்து, கீழ்ப் பிணைச்சலுக்கு நேரே போத்தலைச் சரிக்கிறார்.

நான் போட்ட சத்தத்தில் அந்த மனிசன் பாதி எண்ணெயைத் தன் சாரத்திலேயே ஊற்றிக்கொண்டார். கதவு கத்துகிறது, அதுதான் என்று இழுத்தார். அது கத்தவில்லை, அது படத்தில் நடித்த கதவு என்றேன். அவர் என் முகத்தைப் பார்த்தார். பிறகு உங்கள் மச்சானின் முகத்தைப் பார்த்தார். உங்கள் மச்சான் வானத்தைப் பார்த்தார். மற்ற எல்லாக் கதவுக்கும் ஆசை தீர விடுங்கோ, இதை மட்டும் தொடாதேங்கோ என்று சொல்லி, தேத்தண்ணி கொடுத்துச் சமாளித்தேன். ஆனால் அந்த மணம் போகவில்லை. எனக்கும் தேங்காயெண்ணெய்க்கும் உள்ள பழைய விவகாரம் உங்களுக்குத் தெரியும்.

ஐம்பத்தாறில் நீங்கள் சங்கீதம் படிக்கக் கப்பலேறிச் சிதம்பரத்துக்குப் போனபோது, அம்மா ஊர் முழுக்கச் சொல்லித் திரிந்தா, பிள்ளை வித்துவானாய் வரப்போகுது என்று. நீங்கள் திரும்பிவந்து அம்மன் கோயில் மண்டபத்தில் வயலின் வாசித்த நாள் எனக்கு நல்ல ஞாபகம். அம்மா முன்வரிசையில் புதுச்சேலையோடு இருந்தா. நாலு கீர்த்தனை வாசித்தீர்கள். தலைகள் ஆடின. ஐந்தாவதுக்குப் போகாமல் வில்லைக் கீழே வைத்துவிட்டு, இனிக் கொஞ்ச நேரம் ஒருத்தரும் கதையாதேங்கோ, வெளியில் பனங்காணி காற்றில் வாசிக்கிறது, அதைக் கேட்போம் என்றீர்கள். சனம் ஒன்றை ஒன்று பார்த்தது. அரை நிமிசம் போனது. மிருதங்கக்காரருக்குப் பொறுக்கவில்லை. தன்னுடைய முறைதான் வந்துவிட்டது, வித்துவான் அதைத்தான் நாசூக்காகச் சொல்கிறார் என்று நினைத்துத் தனியாவர்த்தனம் தொடங்கிவிட்டார். அம்மா வீட்டுக்கு வந்து புதுச்சேலையை மடித்துப் பெட்டிக்குள் வைத்தவதான், உங்கள் கச்சேரிக்கென்று பிறகு அதை எடுக்கவில்லை.

பள்ளிக்கூடத்தில் சங்கீத வாத்தியார் வேலை கிடைத்தது. கலியாணம் வேண்டாம் என்றுவிட்டீர்கள். என் மனிசன் கொழும்பில். மாதத்துக்கு ஒருமுறை ரெயிலில் வந்து இரண்டு நாள் நிற்பார். ஆகவே எனக்குத் துணைக்கு நீங்கள், உங்களுக்குச் சோற்றுக்கு நான் என்று உடுவில் வீட்டில் இருந்தோம். சோறு போட்டது பெரிதில்லை அண்ணை. சட்டி பானையைக் காப்பாற்றினதுதான் பெரும்பாடு. சுளகில் நெல்லைப் பரப்பி மெல்லச் சரித்தால் கடல் வருகிறது என்றீர்கள். என் சுளகு போனது. பித்தளைக் குடத்தில் அரைவாசி தண்ணீர் விட்டு வயலின் வில்லால் விளிம்பை இழுத்தீர்கள். குடம் அழுதது, குடத்தை நினைத்து நானும் அழுதேன். பக்கத்து வீட்டுப் பிள்ளை சுளகு இரவல் கேட்டு வந்தால், பொறு பிள்ளை, அண்ணை அதில் பாட்டுக் கட்டிக்கொண்டிருக்கிறார் என்று சொல்லி அனுப்ப வேண்டிய நிலைமை எனக்கு.

அப்போதுதான் உங்கள் சிநேகிதர் ஒருவர் கப்பலில் போய் வந்து அந்த ரேப் ரெக்கோடரைத் தந்தார். இரண்டு சில்லு சுற்றும், சத்தம் பதிகிற பெட்டி. அதற்கு எட்டுப் பற்றறி வேண்டும். கடைகளில் ஒன்றுமே கிடைக்காத காலம். செத்த பற்றறியை வெயிலில் காயவைத்தால் கொஞ்சம் உயிர் வரும் என்று ஊரே காயவைத்தது. என் மிளகாய்ப் பாயின் ஓரத்தில் உங்கள் எட்டுப் பற்றறியும் வரிசையாகக் கிடக்கும். மழை இருட்டினால் நான் மிளகாயை அள்ள ஓடுவேன், நீங்கள் பற்றறியை அள்ள ஓடுவீர்கள். ஒருநாளாவது மிளகாயில் கை வைத்தீர்களா?

எழுபதுகளின் நடுவில் படம் வந்தது. யாழ்ப்பாணத்துப் பெடியன் ஒருவன், உங்களிடம் முன்பு படித்தவன், நாங்களே படம் எடுப்போம், சங்கீதம் நீங்கள்தான் என்று புறப்பட்டான். சுருட்டுக் கடை முதலாளி ஒருவர் அதற்குக் காசு போட முன்னுக்கு நின்றார். கடலுக்குப் போன மனிசன் திரும்பவில்லை, பெண்சாதி காத்திருக்கிறாள், அவ்வளவுதான் கதை. முதலாளி ஆறு பாட்டுக் கேட்டார். பேரம் பேசி மூன்றில் நிறுத்தினீர்கள். ஆனால் ஓரிடத்தில் மட்டும் நீங்களும் அந்தப் பெடியனும் அசையவில்லை. அவள் விடிய எழும்பி, கிணற்றடிக்கு வந்து, ஏற்றத் துலாவை இழுத்துத் தண்ணீர் அள்ளுகிறாள். நாலு நிமிசம். ஒரு பேச்சு இல்லை, பாட்டு இல்லை. துலா கத்துகிற சத்தமும் அதற்கு அடியில் வயலினின் தடித்த தந்தி ஒன்றும் மட்டும்தான் என்றீர்கள்.

முதலாளி எங்கள் வீட்டு விறாந்தையிலிருந்து சொன்னது இன்னும் காதில் நிற்கிறது. "மாஸ்ரர், நாலு நிமிசம் ஒரு சத்தமும் இல்லையெண்டால் சனம் சோடா குடிக்க எழும்பிப் போயிடும். கொழும்பிலை ஒரு ஓர்கன்காரன் ஆயத்தமாய் நிக்கிறான். வெள்ளிக்கிழமை ரெயிலுக்கு உங்கடை சத்தம் வராட்டி, அவன்ரை சத்தத்தைப் போடுவம்."

நீங்கள் ஓம் என்றீர்கள். அவர் போன பிறகு தேத்தண்ணியைக் குடிக்காமல் கையில் வைத்துக்கொண்டே இருந்தீர்கள். எனக்குச் சங்கீதம் விளங்காது, ஆனால் உங்களை விளங்கும். மூன்று பாட்டையும் யாரும் போட்டிருக்கலாம். அந்த நாலு நிமிசம்தான் நீங்கள். மண்டபத்தில் வில்லைக் கீழே வைத்த நாளிலிருந்து நீங்கள் கேட்டுக்கொண்டு நின்றது அதைத்தான். அது இல்லாமல் போனால், சுளகு தட்டின வாத்தியார் என்றுதான் உங்களுக்குப் பெயர் மிஞ்சும். அந்த வருத்தம் எனக்கும் இருந்தது. இருந்தும் நான் செய்ததைப் பாருங்கள்.

ஏற்கெனவே மயிலிட்டியில் ஒரு பாடம் படித்துக்கொண்டு வந்திருந்தீர்கள். கடற்கரையில் வலை இழுக்கிற ஆட்களின் மூச்சையும் சத்தத்தையும் பதியப் போகிறேன் என்று முதல்நாளே சொல்லி அனுப்பினது உங்கள் பிழை. போய்ப் பார்த்தால் அத்தனை பேரும் குளித்து முழுகி, வெள்ளைச் சட்டை போட்டு, திருநீறு பூசி, தலையை வழித்து இழுத்து வரிசையில் நின்றார்களாம். வலை இழுங்கோ என்று கேட்டதற்கு, இந்த உடுப்போடு என்னெண்டு இழுக்கிறது என்று கேட்டார்களாம். சும்மா வந்த ஆளை வெறுங்கையோடு அனுப்பக்கூடாது என்று, எல்லாருமாகச் சேர்ந்து ஒரு முழுத் தேவாரம் பாடினார்கள். மறுக்க வாய் வராமல் முழுவதையும் பதிந்தீர்கள். பற்றறி அதிலேயே செத்துப்போனது. வீட்டுக்கு வந்து, எங்கடை சனத்துக்குச் சும்மா இருக்கத் தெரியாது தங்கச்சி, நல்லாய் இருக்கத்தான் தெரியும் என்றீர்கள். நான் சிரித்தேன். என்னையும் சேர்த்துத்தான் சொல்கிறீர்கள் என்று அப்போது எனக்குத் தெரியவில்லை.

துலா எங்கள் ஒழுங்கையிலேயே கிடைத்தது. எல்லார் வளவிலும் தண்ணீர்ப் பம்பு வந்துவிட்டது; சின்னத்தம்பி அம்மான் மட்டும் பம்புத் தண்ணீரில் மண்ணெண்ணெய் மணக்கிறது, புகையிலைக் கன்றுக்கு ஆகாது என்று பிடிவாதமாகத் துலாவோடு நின்றார். அந்தத் துலா இழுத்தால் மூன்றாம் வளவில் மாடு எழும்பும். நீங்கள் அவருடைய வேலியடியில் ஒரு மணித்தியாலம் கண்ணை மூடிக்கொண்டு நின்றதை நானே பார்த்தேன். முதலில் படத்தை அங்கே பிடித்தார்கள். அந்தக் கமெராவில் சத்தம் பதிய வழியில்லை. சத்தத்தைப் புதன்கிழமை நீங்கள் போய்த் தனியாக எடுப்பதாக ஏற்பாடு. வெள்ளிக்கிழமை ரெயில்.

செவ்வாய்க்கிழமை கோயிலில் பொன்னம்மா மாமியைக் கண்டேன். சின்னத்தம்பி அம்மானின் பெண்சாதி. நாளைக்கு அண்ணை உங்கள் துலாவைப் பதிய வருகிறார், படத்தில் கேட்கப்போகிறது என்று பெருமையாகச் சொன்னேன். மாமிக்கு முகம் வாடிவிட்டது.

"ஐயோ பிள்ளை, அது கத்துற கத்துக்கு ஒழுங்கையாலை போறவையே காதைப் பொத்துகினம். படத்திலை ஊருலகம் கேக்கப்போகுதே. அந்த வீட்டிலை எண்ணெய் விடவும் ஒரு ஆளில்லையோ எண்டெல்லோ கதைக்கப்போகினம்."

அண்ணை, அந்த இடத்தில் நான் வாயை மூடிக்கொண்டு திருநீறு வாங்கியிருக்கலாம். கத்துகிறதுதான் அண்ணைக்கு வேண்டும் என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். ஆனால் சத்தியமாகச் சொல்கிறேன், அதை நீங்கள் மரியாதைக்குச் சொல்கிறீர்கள் என்றுதான் நான் நினைத்திருந்தேன். ஒருவர் வீட்டுத் துலாவைக் கத்துகிறது என்று முகத்துக்கு நேரே சொல்ல முடியாதே. அதனால் வடிவாய் இருக்கிறது என்கிறீர்கள் என்று நினைத்தேன். எண்ணெய் விடுங்கோ மாமி என்றேன். வீட்டில் எண்ணெய் இல்லை என்றா. நேரே கூட்டிவந்து, என் குசினியிலிருந்த போத்தலையே எடுத்துக் கொடுத்தேன். என் நீலச் சேலைத் துண்டைச் சுருட்டி வாயில் அடைத்த அந்தப் பச்சைப் போத்தல். கஞ்சத்தனம் பார்க்காமல் முழுவதையும் விடுங்கோ என்று வேறு சொன்னேன். அன்று ஒரு நல்ல காரியம் செய்த திருப்தியோடு சாப்பிட்டேன்.

புதன்கிழமை பின்னேரம் வேறொரு போத்தலில் தேத்தண்ணி ஊற்றிக்கொண்டு நானும் வந்தேன். துலாவைத் தாங்குகிற ஆடுகாலுக்கு மஞ்சள் பூசி, மாவிலை கட்டியிருந்தார்கள். அம்மான் சலவை வேட்டியோடு, சந்தனப் பொட்டோடு நின்றார். நீங்கள் மயிலிட்டியை நினைத்திருக்க வேண்டும். உங்கள் நடை சற்றுத் தயங்கியது. ஆனாலும் மரத்துக்குச் சந்தனம் பூசினால் குரல் மாறுமா என்று நினைத்துப் பெட்டியை வைத்து, சில்லைச் சுழலவிட்டு, கையைக் காட்டினீர்கள். அம்மான் துலாவை இழுத்தார்.

வாளி இறங்கினது. முகந்தது. ஏறினது. ஒரு சத்தமும் இல்லை. எங்கோ ஒரு காகம் கத்தியது, அதுதான் பதிவானது.

அம்மான் இன்னொருமுறை இழுத்துக் காட்டினார். பிறகு உங்களிடம் கேட்டார்: "எப்பிடித் தம்பி? பூனை நடக்கிற மாதிரி இல்லையோ?"

உங்கள் முகத்தை நான் பார்த்தேன். அந்த முகத்தை இன்றைக்கும் என்னால் தாங்க முடியாது. ஆனால் நீங்கள், ஓம் அம்மான், நல்லாயிருக்கு என்றுதான் சொன்னீர்கள். பிறகு மெதுவாக, சாம்பல் போட்டுக் கொஞ்சம் துடைத்துப் பார்க்கலாமா என்று கேட்டீர்கள். எண்ணெய் உள்ளே இறங்கிவிட்டது, இனிப் பத்து வருசத்துக்கு மூச்சுக் காட்டாது என்று அம்மான் உங்களுக்கு ஆறுதல் சொன்னார். மாமி பலகாரம் கொண்டுவந்து வைத்தா. இரண்டு முறுக்குச் சாப்பிட்டீர்கள். பெட்டியைத் தூக்கினீர்கள். கிணற்றுக்கட்டில் குனிந்து எதையோ எடுத்துப் பைக்குள் போட்டீர்கள். நான் நிலத்தைப் பார்த்துக்கொண்டு நின்றதால் அது என்னவென்று கவனிக்கவில்லை.

மறுநாள் பள்ளிக்கூடத்துக்கு லீவு சொன்னீர்கள். மத்தியானமாகியும் சாப்பிடவில்லை. முற்றத்தில் கதிரையைப் போட்டு, மிளகாய்ப் பாயில் காய்கிற பற்றறியைப் பார்த்துக்கொண்டிருந்தீர்கள். சொல்லிவிடுவோம் என்று இரண்டுமுறை வாசல்வரை வந்து, இரண்டுமுறையும் திரும்பிப்போய் உலையைப் பார்த்தேன். மூன்றாம்முறை ஒரு கோப்பை மோராவது குடிக்கட்டும் என்று குசினிக் கதவைத் தள்ளிக்கொண்டு வெளியே வந்தேன்.

நீங்கள் தலையை நிமிர்த்தினீர்கள். மோரைக் கையில் வாங்கவில்லை. உள்ளே போய்த் திரும்ப வா என்றீர்கள்.

அந்தக் கதவு எனக்குக் கதவுதான். கலியாணம் கட்டிவந்த நாளிலிருந்து கத்துகிறது. இவர் மாதத்துக்கு இரண்டு நாள் நிற்கிற மனிசன். வந்த நேரம் பிணைச்சலைப் பார்ப்பாரா, என்னைப் பார்ப்பாரா? அதனால் ஒருவரும் அதற்கு எண்ணெய் விட்டதில்லை. நீங்கள் பற்றறியைச் சுடச்சுட எடுத்துப் பெட்டிக்குள் போட்டீர்கள். பெட்டியைக் கதவடியில் வைத்துக் குந்தினீர்கள். திற என்றீர்கள். திறந்தேன். சாத்து என்றீர்கள். கெதியாய்த் திறக்கிறாய் என்றீர்கள். ஆறுதலாகத் திறந்தேன். களவெடுக்கப் போகிறவள் மாதிரித் திறக்கிறாய் என்றீர்கள். எண்பதுவரை எண்ணினேன், அதற்குமேல் எண்ண முடியவில்லை. உலையில் சோறு அடிப்பிடித்தது. கை ஓய்ந்துபோனது. உந்தக் கோதாரிப் படத்தில் நடிக்கிற பிள்ளையையே கூட்டிவந்து திறக்கச் சொல்லுங்கோ என்று கத்தினேன். அதையும் பெட்டி பதிந்துகொண்டது.

பிறகு உங்கள் குரல் மாறியது.

"மச்சான் வாற நாளிலை எப்பிடித் திறப்பாய்?"

எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. ஆனாலும் திறந்தேன். கதவு சின்னதாய் ஒரு சத்தம் போட்டு நின்றது. உங்கள் கண்ணில் சிரிப்பைக் கண்டேன். இந்த மாதம் வரேல்லை எண்டு கடிதம் வந்த நாளிலை என்று கேட்டீர்கள். அதுவும் எனக்குத் தெரியும். அப்படி எத்தனை கடிதம். திறந்தேன். இழுத்து இழுத்துக் கத்தியது. நீங்கள் தலையாட்டினீர்கள். பிறகு, இனி வரவேமாட்டார் எண்டு தெரிஞ்ச நாளிலை என்றீர்கள்.

வாயைக் கழுவுங்கோ என்று சீறி விழுந்தேன். தாலியைத் தொட்டுக்கொண்டேன். நீங்கள் கோபிக்கவில்லை. உனக்காக இல்லை, அந்தப் பிள்ளைக்காக ஒருக்காத் திற என்றீர்கள். திறந்தேன். எப்படித் திறந்தேன் என்று தெரியாது. கை நோவில் கதவைப் பிடித்துக்கொண்டே வந்திருப்பேன். நீங்கள் பெட்டியை நிறுத்தினீர்கள்.

"காணும். கிட்ட வந்திட்டுது. மிச்சம் உனக்குத் தெரியாது. தெரியாமலே இருக்கட்டும்."

வெள்ளிக்கிழமை ரெயிலில் கதவு கொழும்புக்குப் போனது. அங்கே வயலினையும் சேர்த்துப் படத்தோடு ஒட்டினீர்கள். முதலாளி அன்றைக்கு ஒரு கலியாண வீட்டுக்குப் போயிருந்தபடியால் தப்பியது என்று நீங்களே பிறகு சொன்னீர்கள்.

யாழ்ப்பாணத்தில் படம் போட்ட முதல்நாள் சின்னத்தம்பி அம்மான் ஒழுங்கைச் சனத்தையே வான் பிடித்துக் கூட்டிவந்தார். எங்கடை துலா நடிக்குது என்று வழிநெடுகச் சொல்லிக்கொண்டு வந்தார். எனக்கு ஒருபக்கம் நீங்கள், மறுபக்கம் மாமி, அதற்கு அங்கால் அம்மான். மூன்று பாட்டுக்கும் கலரியில் விசில் பறந்தது. பிறகு அந்த இடம் வந்தது. விடியல், கிணற்றடி, அவள் வருகிறாள், துலாவில் கை வைக்கிறாள். என் குசினிக் கதவு திறந்தது.

அண்ணை, அவ்வளவு பெரிய மண்டபத்தில் என் கதவு கத்தினதும் எனக்கு, ஐயோ பால் பொங்கப்போகுதே என்றுதான் முதலில் தோன்றியது. இரண்டாம்முறை கத்த முன்னம் படம் நின்றது. விளக்கு எரிந்தது. மேலே சின்னச் சன்னலால் ஒப்பரேற்றர் தலையை நீட்டினார். கையில் எண்ணெய்க் கேத்தில். மன்னிக்கோணும், மெசின் கத்துது, இரண்டு நிமிசம் பொறுங்கோ என்றார். கலரி கைதட்டியது. உங்களைப் பார்க்கவே எனக்குப் பயமாக இருந்தது. நீங்கள் கண்ணை மூடிக்கொண்டிருந்தீர்கள்.

அவர் எண்ணெயை விட்டு, கொஞ்சம் பின்னுக்கு இழுத்துத் திரும்பப் போட்டார். விடியல், கிணற்றடி, அவள் வருகிறாள். கதவு முன்னையைவிட நன்றாகக் கத்தியது. இன்னும் விடு, காணாது என்று கலரியில் ஒருவன் கத்தினான். சனம் வயிறு நோகச் சிரித்தது. அந்தச் சிரிப்புக்குள் சின்னத்தம்பி அம்மான் எழும்பி நின்றார்.

"உது பொய். நான் எண்ணெய் விட்டனான். முழுப் போத்தல் விட்டனான்."

மண்டபம் இடிந்து விழாத குறை. இருங்கோ ஐயா, மறைக்குது என்று பின்னாலிருந்து இழுத்தார்கள். மாமி வேட்டியைப் பிடித்து இழுத்தா. அவர் இருக்கவில்லை. தன் துலாவை யாரோ அவமானப்படுத்திவிட்டார்கள் என்று திரையையே முறைத்துக்கொண்டு நின்றார். அவள் வாளியை இறக்கினாள். கதவு கத்தியது. அவள் இழுத்தாள். கதவு நீளமாகக் கத்தியது, அதற்கு அடியில் உங்கள் தடித்த தந்தி. அம்மானின் தோள் மெல்ல இறங்குவதை நான் பார்த்தேன். அவர் மாமியிடம்தான் சொன்னார். ஆனால் தோட்டத்தில் கூப்பிட்டுப் பழகின கமக்காரக் குரல். பாதி மண்டபத்துக்குக் கேட்டது.

"பாவம். அந்தப் பிள்ளைக்கு எண்ணெய் விட ஆளில்லை."

சொல்லிவிட்டு இருந்தார். அதற்குப் பிறகு ஒருவரும் சிரிக்கவில்லை. மிச்ச நிமிசங்கள் முழுவதும் கதவும் தந்தியும் மட்டும்தான். சோடா குடிக்க ஒருவரும் எழும்பவில்லை. பெண்கள் பக்கத்தில் யாரோ மூக்கை உறிஞ்சினார்கள். நீங்கள் என் கையைப் பிடித்திருந்தீர்கள். ஓய்ந்த கைதான், நொந்தது. நான் இழுக்கவில்லை.

வெளியே வந்ததும் அம்மான் விடவில்லை. யார் அந்தத் துலாவைக் கத்தவைத்தது, உங்கடை தங்கச்சி தந்த எண்ணெய் முழுவதையும் விட்டேனே என்று உங்களிடம் கேட்டார். பூமி பிளந்து என்னை விழுங்காதா என்று நின்றேன். நீங்கள் சாதாரணமாக, தெரியும் அம்மான், போத்தல் எங்கடை என்றீர்கள்.

கிணற்றுக்கட்டில் குனிந்து எடுத்தது அதுதான். அன்றைக்கே அதைக் கழுவிக் குசினித் தட்டில் பழைய இடத்தில் வைத்திருக்கிறீர்கள். நானும் மாமிதான் கொண்டுவந்து வைத்தா என்று நினைத்துக்கொண்டிருந்தேன். அம்மானின் வானில் ஏறாமல் நாங்கள் இருவரும் பஸ்சில் வரும்போது வெகுநேரம் கழித்துக் கேட்டேன், அப்படியென்றால் தெரிந்துகொண்டா என்னை அத்தனை தடவை திறக்கவைத்தீர்கள் என்று. சன்னலைப் பார்த்துக்கொண்டே பதில் சொன்னீர்கள்.

"முதல் இருபதும் படத்துக்கு. மிச்சம் எண்ணெய்க்கு."

படத்தில் வந்தது எது என்றேன். கடைசி என்றீர்கள். நான் அழுதேன், சிரித்தேன், இரண்டையும் சேர்த்துச் செய்ததில் கொண்டக்ரர் ரிக்கற் கேட்காமலே போய்விட்டார்.

படம் பத்து நாள்கூட ஓடவில்லை. படப்பெட்டி ஊர் ஊராகப் போய்த் தேய்ந்து, இப்போது எங்கே கிடக்கிறதென்று அந்தப் பெடியனுக்கே தெரியாது. பதிந்த ரேப்பாவது இருக்கும் என்றால், வேறு ரேப் வாங்கக் கிடைக்காமல் அதற்கு மேலேயே பள்ளிக்கூடப் பிள்ளைகளின் தேவாரத்தைப் பதிந்துவிட்டீர்கள். உங்களுக்கு அதில் ஒரு வருத்தமும் இருக்கவில்லை. சின்னத்தம்பி அம்மானுக்கு விளங்கினது காணும் என்றீர்கள். அதன்பிறகு வீட்டில் நான் எதைத் துடைத்தாலும், எதை அடுக்கினாலும், எண்ணெய் விடட்டோ என்று கேட்டு என்னைக் கொன்றீர்கள். இரண்டாம் படம் வரவேயில்லை. போன வருசம் நெஞ்சுநோ என்று சொன்ன அன்றைக்கே போய்விட்டீர்கள். எனக்குக் கோபம்தான். ஒரு நாளாவது படுத்துக் கிடந்திருக்கலாம், நான் கஞ்சி வைத்துத் தந்திருப்பேன்.

எட்டாம்நாள் சடங்கு, எட்டுச்செலவு, முடிந்து சனமெல்லாம் போன பின்னேரம், நாலு மணிக்கு உங்கள் தேத்தண்ணியை ஊற்றிவிட்டேன். கை பழகிவிட்டது. கோப்பையோடு குசினிக் கதவைத் தள்ளினேன். கதவு கத்தியது. முற்றத்தில் உங்கள் கதிரை வெறுமையாகக் கிடந்தது. நான் வாசலிலேயே நின்றுவிட்டேன். அன்றைக்கு வராத அந்த மிச்சம் இதுதான் அண்ணை. தெரியாமலே இருக்கட்டும் என்றீர்கள், தெரிந்துவிட்டது. நீங்கள் கேட்ட மாதிரியே வந்தது. பெட்டியை நிறுத்திக் காணும் என்று சொல்லத்தான் ஆளில்லை.

இன்றைக்கு ஓடாவியார் சாரத்தைப் பிழிந்துகொண்டு போன பிறகு, உங்கள் மச்சான் மெல்ல வந்து கதவடியில் நின்றார். விட வேண்டாமென்றால் விடவில்லை, ஆனால் திவசத்துக்கு வருகிற சனம் என்ன நினைக்கும், எண்ணெய் விட ஆளில்லாத வீடு என்றல்லவா நினைக்கப்போகிறது என்றார்.

நினைக்கட்டும் என்றேன். ஓர் ஆள் குறைவுதானே.

உங்கடை தங்கச்சி